துரத்தாத கேமரா: கடலடிப் படக்காரர்களின் கொள்கைப் பிரகடனம்

கடலுக்கடியில் படம் பிடிக்கும் நாங்கள் இன்றிலிருந்து எந்த உயிரையும் துரத்த மாட்டோம். தீனி காட்டி அழைக்க மாட்டோம். கையாலோ குச்சியாலோ நகர்த்தி வைக்க மாட்டோம். அது செய்யாத ஒன்றைச் செய்ததாக வெட்டி ஒட்டிக் காட்ட மாட்டோம். அது வரும்வரை இருப்போம். வராவிட்டால் வெறும் மணலைக் காட்டுவோம்.

இதற்கு ஓர் இயக்கம் எதற்கு, அவரவர் ஒழுங்காக நடந்துகொண்டால் போதாதா என்று எங்களுக்குள்ளேயே சிலர் கேட்டார்கள். போதாது. கடலடிப் படக்கலை பிறக்கும்போதே கையில் கத்தியோடு பிறந்தது. அந்தப் பழக்கம் தொழிலின் இலக்கணமாகவே ஊறிப்போயிருக்கிறது. ஒருவர் இருவருடைய நல்ல மனதால் இலக்கணம் மாறாது. பலர் கூடி வேறு மாதிரி பேசிப் பழகினால்தான் மாறும்.

கத்தி என்று சொன்னது அணிக்காக அல்ல. 1914இல் ஜான் எர்னஸ்ட் வில்லியம்சன், தன் தந்தை கப்பல் மீட்பு வேலைக்காக வடிவமைத்த நீண்ட குழாயின் அடியில் கண்ணாடிச் சன்னல் வைத்த அறை ஒன்றைப் பொருத்தி, பஹாமாஸ் தீவுகளில் கடலுக்குள் இறக்கினார். அதற்குள் உட்கார்ந்து படம் எடுத்தார். மீன்களும் பவளமும் சன்னலுக்கு வெளியே தாமாகவே வந்து போயின. அது போதவில்லை. படத்துக்கு உச்சக்காட்சி வேண்டும் என்று செத்த குதிரையைத் தொங்கவிட்டுச் சுறாக்களை வரவழைத்தார்கள். வில்லியம்சனே கத்தியோடு நீரில் குதித்து, கேமராவுக்கு முன்னால் ஒரு சுறாவைக் குத்திக் கொன்றார். மனிதன் கடலடியில் எடுத்த முதல் படங்களிலேயே தீனி, நாடகம், கொலை மூன்றும் வந்துவிட்டன.

நாற்பது ஆண்டுகள் கழித்து ழாக்-ஈவ் கூஸ்தோவும் லூயி மாலும் சேர்ந்து 'மௌன உலகம்' எடுத்தார்கள். 1956இல் கான் விழாவில் தங்கப் பனை விருது, அடுத்து ஆஸ்கார். தங்கப் பனை வென்ற முதல் ஆவணப்படம் அதுதான். அந்தப் படத்தில் கப்பலின் விசிறி பட்டு ஒரு திமிங்கலக் குட்டி சிதைகிறது. அதன் வேதனையை முடிக்கச் சுட்டுக் கொல்கிறார்கள். ரத்த வாடைக்குச் சுறாக்கள் கூடுகின்றன. உடனே மாலுமிகள் அந்தச் சுறாக்களைக் கொக்கியால் தளத்துக்கு இழுத்துப் போட்டுக் கோடரியால் வெட்டுகிறார்கள், ஏதோ பழிவாங்குவதைப் போல. இன்னொரு காட்சியில், ஒரு பவளப் பாரில் என்னென்ன மீன் இருக்கிறது என்று எண்ணிப் பார்ப்பதற்காக டைனமைட் வைக்கிறார்கள்.

இன்று இந்தப் படத்தைத் திட்டுவது எளிது. நாங்கள் திட்டப் போவதில்லை. கூஸ்தோ பிற்காலத்தில் கடலைக் காக்க உலகமெங்கும் வாதாடியவர் என்பது ஒரு காரணம். இன்னொரு காரணமும் உண்டு: அந்தப் படம் எதையும் மறைக்கவில்லை. வெடி வைத்தவனும் கோடரி பிடித்தவனும் ஃபிரேமுக்குள்ளேயே நிற்கிறார்கள். இன்றைய படங்களில் கோடரி இல்லை. கூடவே படக்காரரும் காணாமல் போய்விட்டார். நீலமாகவும் நிர்மலமாகவும் ஒரு கடல், அதில் தன் போக்கில் ஒரு சுறா. அந்தச் சுறாவுக்கு ஃபிரேமுக்கு வெளியே ஒருவர் மீன் துண்டு வீசிக்கொண்டிருப்பதைப் பார்வையாளர் அறிய வழியே இல்லை. இரண்டில் எது பெரிய பொய் என்று எங்களைக் கேட்டால், பின்னதைத்தான் சொல்வோம்.

பொய் படத்தோடு முடிவதுமில்லை. 1958இல் வந்த டிஸ்னியின் 'வைட் வில்டர்னெஸ்' படத்தில் லெம்மிங் என்ற சிறு எலிகள் கூட்டமாகப் பாய்ந்து கடலில் விழுந்து சாகின்றன. அங்கே கடலே கிடையாது. படமெடுத்த இடம் கடற்கரையில்லாத கனடிய மாகாணமான ஆல்பெர்ட்டா. தண்ணீர் ஓர் ஆறு. எலிகளைத் தள்ளிவிட்டது படக்குழு. அந்தப் படமும் ஆஸ்கார் வாங்கியது. லெம்மிங்குகள் தற்கொலை செய்துகொள்ளும் என்று இன்றைக்கும் படித்தவர்கள் மேடையில் பேசுகிறார்கள்.

தீனி போடுவதில் உயிருக்கு என்ன கெடுதி, பசியாறிப் போகிறதே என்று வாதிடுகிறவர்கள் பிலிப்பைன்ஸின் ஒஸ்லோப் கரையைப் பார்க்கலாம். 2011 வாக்கில் அங்கே திமிங்கலச் சுறாக்களுக்குக் கூனி போன்ற சிற்றிறால்களைக் கையால் ஊட்டிப் பயணிகளுக்குக் காட்டத் தொடங்கினார்கள். பெருங்கடல்களைத் தாண்டி அலையும் மீன், காலையில் படகின் ஓரத்தில் வாயைத் திறந்துகொண்டு செங்குத்தாக நிற்கிறது. அந்தக் காட்சி உலகமெங்கும் கைபேசிகளில் ஓடுகிறது. பார்ப்பவர்கள் அதைத்தான் திமிங்கலச் சுறாவின் இயல்பு என்று நினைத்துக்கொள்கிறார்கள்.

இதற்கு எதிர்த் திசையிலும் ஒரு மரபு இருக்கிறது. மெல்லிய மரபுதான். எங்களை அதன் வாரிசுகள் என்று சொல்லிக்கொள்ள விரும்புகிறோம்.

ஜப்பானின் அமாமி ஒஷிமா தீவருகே, 1995 வாக்கில், கடலடி மணலில் சுமார் இரண்டு மீட்டர் அகலமுள்ள வட்டங்களை டைவர்கள் கண்டார்கள். நடுவிலிருந்து விளிம்பு வரை மேடும் பள்ளமுமாகக் கதிர்போல் விரியும் வரிகள். மார்கழி வாசலில் யாரோ விடியுமுன் போட்டுவிட்டுப் போன கோலம் மாதிரி. யார் போட்டது என்று பதினைந்து ஆண்டுகளுக்கும் மேல் யாருக்கும் தெரியவில்லை. யோஜி ஓகாட்டா என்ற கடலடிப் புகைப்படக்காரரும் என்எச்கே தொலைக்காட்சிக் குழுவும் 2012இல் அந்த வட்டங்களருகே இருந்து பார்த்தபோது ஆளைப் பிடித்தார்கள். உள்ளங்கையளவு பேத்தை மீன், நீளம் 12 சென்டிமீட்டர்தான். ஆண் மீன் தன் துடுப்புகளாலும் உடம்பாலும் மணலை உழுது உழுது ஏழெட்டு நாள் பாடுபட்டு வட்டத்தை முடிக்கிறது. மேடுகளின் மேல் சிப்பித் துண்டுகளைக் கொண்டுவந்து வைக்கிறது. வரிகளின் அமைப்பு நீரோட்டத்தை மட்டுப்படுத்தி நடுவில் பொடிமணலைச் சேர்க்கிறது. பெண் மீன் வந்து பார்த்துப் பிடித்திருந்தால் அந்த நடுவில் முட்டையிடுகிறது. 2014இல் அந்த மீன் அறிவியலுக்குப் புதிய இனம் என்று பெயர் சூட்டப்பட்டது.

நாங்கள் கவனிக்கச் சொல்வது வேலை நடந்த விதத்தை. அந்த மீனைத் துரத்தியிருந்தால் கிடைத்திருப்பது பயந்து ஊதிப் பந்தாகிப்போன ஒரு பேத்தை. கடலடிப் படங்களில் அந்தப் பந்துக் காட்சிக்குப் பஞ்சமே இல்லை. மீனுக்கு அது உயிர்ப்பயம், எடுப்பவருக்கு வேடிக்கை. தீனி போட்டிருந்தால் தின்னும் பேத்தை கிடைத்திருக்கும். கட்டுகிற பேத்தையைக் காண, அது கட்டும் காலம் முழுக்க அங்கே இருப்பதைத் தவிர வேறு வழி இருந்திருக்காது.

தென்னாப்பிரிக்காவின் கிரெய்க் ஃபாஸ்டரையும் சொல்ல வேண்டும். தன் வீட்டருகே கடற்பாசிக் காடு அடர்ந்த குளிர்ந்த நீரில், காற்றுக் குடுவையோ குளிர்காப்பு உடையோ இல்லாமல், ஒரே பேய்க்கணவாயை நாள்தோறும் போய்ப் பார்த்தார். ஏறத்தாழ ஓராண்டு, அதாவது அதன் ஆயுளின் பெரும்பகுதி. சுறா அதன் கையைக் கடித்துக் கொண்டுபோனபோது குறுக்கே போகவில்லை. அந்தக் கை மெல்ல மீண்டும் முளைப்பதைப் பார்த்துக்கொண்டிருந்தார். அதிலிருந்து வந்த 'மை ஆக்டோபஸ் டீச்சர்' 2021இல் ஆஸ்கார் வாங்கியது. படத்தின் மேல் எங்களுக்குக் குறை உண்டு. கணவாயின் கதையைவிட மனிதரின் மனக்காயம் ஆறிய கதை பெரிதாகிவிட்டது. பின்னணி இசை நம் கண்ணீரை வரிசையில் நிற்கவைத்து வாங்குகிறது. ஆனால் முறை சரியான முறை. ஒரே இடம், ஒரே உயிர், தினமும்.

இன்னொன்று, எங்களுக்குள் பெரிய வாக்குவாதத்தைக் கிளப்பியது. ராட்சதக் கணவாயை அதன் வாழிடத்தில் முதன்முறை வீடியோவில் பிடித்தது 2012இல், ஜப்பானின் ஒகசவாரா தீவுகளுக்கு அப்பால். அதற்கு முன்னர் ஆழம் போன நீர்மூழ்கிகள் வெள்ளை விளக்கும் மோட்டார் இரைச்சலுமாகப் போயின. எடித் விடர் என்ற கடல் விஞ்ஞானி, ஆழ்கடல் உயிர்களில் பெரும்பாலானவற்றின் கண்ணுக்குத் தெரியாத செவ்வொளியோடு, மோட்டாரே இல்லாத ஒரு கேமராவைக் கயிற்றில் கட்டி இறக்கினார். கணவாய் வந்தது. எங்கள் கட்சிக்கு இதைவிடச் சாட்சி வேண்டுமா? ஆனால் அந்தக் கேமராவோடு, ஆபத்தில் சிக்கிய ஜெல்லிமீன் போல நீலமாகச் சுழன்று மினுக்கும் ஒரு பொம்மையும் இருந்தது. அது பொறிதானே என்று ஒரு சாரார். பொறிதான் என்று ஒப்புக்கொண்டோம். மனிதர் போய்க் காத்திருக்க முடியாத ஆழத்தில் அதைச் சகித்துக்கொள்கிறோம். காத்திருக்க முடிகிற எங்கள் கடலில் அதற்கு இடமில்லை. இந்த வேறுபாடு தருக்கத்துக்கு முன் நிற்காது என்று எங்களில் சட்டம் படித்தவர் சொன்னார். இருக்கட்டும்.

எங்கள் கடல் என்றது மன்னார் வளைகுடாவையும் பாக் விரிகுடாவையும். பாம்பன்காரர்கள் தென்கடல், வடகடல் என்பார்கள். கச்சான் காற்று அடிக்கும் மாதங்களில் தென்கடல் கலங்கும், வடகடல் படுத்திருக்கும்; வாடைக் காற்று தொடங்கினால் தலைகீழ். பாக் விரிகுடாவின் பெரும்பகுதி 15 மீட்டர் ஆழம்கூட இல்லை. கடல்புல் வெளி, சேறு, மணல். தூத்துக்குடிக்கும் ராமேசுவரத்துக்கும் இடையே 21 தீவுகள், அவற்றைச் சுற்றிப் பவளப் பார்கள். 1986 முதல் தேசியப் பூங்கா. தீவுகளில் இரண்டு இப்போது தண்ணீருக்கு மேலே இல்லை. பவளக்கல்லைப் பல காலம் வெட்டிச் சுண்ணாம்புக்குக் கொண்டுபோனது அதற்கு முக்கியக் காரணம்.

இந்தக் கடலில் படமெடுக்க முடியாது என்பதுதான் தொழில்காரர்களின் தீர்ப்பு. தண்ணீர் தெளிவில்லை, நான்கு பாகத்துக்கு அப்பால் ஒன்றும் தெரியாது, விளக்கைப் போட்டால் தூசியெல்லாம் பனிபோல் வெளுத்து ஃபிரேமை நிரப்பும். ஆகவே கடல் என்றால் மாலத்தீவு, அந்தமான், செங்கடல். தமிழ்ப் பிள்ளைகள் கடலடி என்று வரையும் படங்களைப் பாருங்கள்: கண்ணாடி நீலம், ஆரஞ்சு வரி மீன். வீட்டிலிருந்து கூப்பிடு தூரத்தில் இருக்கும் கடலின் அடி பச்சையும் பழுப்புமாக இருக்கும் என்பதே அவர்களுக்குத் தெரியாது.

கலங்கலை நாங்கள் குறையாக எடுத்துக்கொள்ள மறுக்கிறோம். அந்தத் தூசியில் உயிரும் இருக்கிறது. மிதவை நுண்ணுயிர், முட்டை, குஞ்சு. கடல்புல் வெளியில் மேயும் ஆவுளியா என்னும் கடற்பசு இந்தக் கலங்கலில்தான் வாழ்கிறது. தெளிவான நீரில் தூரத்து உயிரை எட்டிப் பிடிக்கத் தோன்றும். கலங்கலில் ஒரு கை தூரத்தில் இருப்பதைத்தான் பார்க்க முடியும், அதனால் பொறுமை தானாக வரும். நீருக்குள் சில மீட்டர் இறங்கியதுமே சிவப்பு மங்கி மறைந்துவிடுகிறது என்பதும் அப்படித்தான். விளக்கால் அந்தச் சிவப்பை மீட்டுக் கொடுக்கலாம், எடிட்டிங் மேசையில் ஏற்றியும் கொடுக்கலாம். எப்போதாவது செய்வோம். ஆனால் அங்கே வாழும் மீனுக்குத் தெரியாத நிறத்தைக் காட்டி, பாருங்கள் இதுதான் கடல் என்று சத்தியம் செய்ய மாட்டோம்.

ஆவுளியாவைப் பற்றி ஒரு வார்த்தை. தஞ்சாவூர், புதுக்கோட்டைக் கரைகளுக்கு அப்பால் 448 சதுர கிலோமீட்டர் பரப்பை 2022இல் தமிழக அரசு ஆவுளியாவுக்கான காப்பகமாக அறிவித்தது. அறிவிப்பு வந்ததும் எல்லாருக்கும் ஆவுளியா வேண்டும். டிரோனைத் தாழப் பறக்கவிடுவது, படகை அதன் பின்னால் செலுத்துவது, அது மூச்சுக்கு மேலே வரும் இடத்தைக் குறிவைத்து மறிப்பது. சில நிமிடத்துக்கு ஒருமுறை மேலே வந்தே தீரவேண்டிய பிராணியை இப்படி மறிப்பது கொடுமை. எங்கள் உறுப்பினர் எவரும் ஆவுளியாவைத் தேடிப் படகு செலுத்தக் கூடாது. அது மேய்ந்த தடம் புல்வெளியில் நீண்ட வாய்க்கால் போல் கிடக்கும். அந்தத் தடத்தைப் படமெடுங்கள். தடம் எத்தனை வாரத்தில் மூடுகிறது, முதலில் எந்தப் புல் முளைக்கிறது, அந்த வெறும் மண்ணில் யார் குடிவருகிறார்கள் என்று எடுங்கள். ஆவுளியாவே இல்லாமல் ஆவுளியாவைப் பற்றி ஒரு முழுப்படம் எடுக்கலாம். எங்களுக்கு அது தோல்விப்படமாகத் தோன்றவில்லை.

பணம் இல்லாதவர்கள் பேசும் பேச்சு இது என்று சொல்லலாம். ஒருவகையில் அப்படித்தான். பிபிசியின் 'ப்ளூ பிளானட் 2' (2017) தொடருக்கு நான்கு ஆண்டுகள், 125 பயணங்கள், 6,000 மணி நேரத்துக்கு மேல் நீருக்கடியில். அந்தப் பணம் வாங்கியது எதை? பெரும்பாலும் காலத்தை. எங்களிடம் பணம் இல்லை. கடல் வாசலில் இருக்கிறது. எங்களோடு சேர்ந்திருக்கும் சங்கு குளிப்பவர்கள் நீருக்கடியில் கழித்த மணிகளை யாரும் எண்ணியதில்லை, அவர்களும் எண்ணியதில்லை. மூச்சடக்கி இறங்குவதால் குமிழி சத்தமும் கிடையாது. குமிழி எழாத ரீபிரீதர் கருவிக்கு வெளிநாட்டுப் படக்காரர்கள் லட்சக்கணக்கில் கொட்டுகிறார்கள்.

அதே தொடரில் ஒரு காட்சி: செஷல்ஸ் தீவுக்கூட்டத்தில் பெரும்பாரை மீன் நீரிலிருந்து எம்பி, பறக்கும் ஆலாப் பறவையைக் காற்றிலேயே கவ்வுகிறது. படக்குழு கிளம்பும்போது அவர்கள் கையில் ஒரு புகைப்படம்கூட இல்லை. மீனவர்கள் சொன்ன கதைதான் இருந்தது. நம்பிப் போனார்கள், கிடைத்தது. நம் ஊரில் மீன்பிடிக்கிறவர் சொன்னால் அது கட்டுக்கதை, வெள்ளைக்காரர் படமெடுத்தால் கண்டுபிடிப்பு. பாம்பன் பக்கம் கடல்பாசி எடுக்கும் அக்காமார் விரல்களில் துணிக்கீற்றைச் சுற்றிக்கொண்டு நீரில் மூழ்குவதை எத்தனையோ கேமராக்கள் எடுத்திருக்கின்றன. கீழே என்ன பார்த்தீர்கள் என்று கேட்டு, கேட்டதைப் போய் எடுத்த படத்தைத் தேடித்தான் பிடிக்க வேண்டும். இனி எங்கள் படங்களில் வழிகாட்டியவர், இடம் சொன்னவர், உயிரின் பெயர் சொன்னவர் ஆகியோரின் பெயர்கள் நன்றி அட்டையின் கடைசி வரியில் வராது; இயக்குநர் பெயர் வரும் அட்டையிலேயே வரும். கூலியும் கேமராமேனுக்கு என்ன கூலியோ அதேதான்.

இப்போது சத்தம். கூஸ்தோ வைத்த தலைப்பால் ஏற்பட்ட பெரிய தீமை, கடல் மௌனமானது என்ற எண்ணம் ஊறிப்போனதுதான். கடல் ஓயாத சந்தடி. வெதுவெதுப்பான ஆழமற்ற கடல்களில், கொடுக்கைச் சொடுக்கும் சின்னஞ்சிறு இறால்கள் எண்ணெயில் கடுகு வெடிப்பதைப் போல இரவு பகலாக வெடித்துக்கொண்டிருக்கும். இரண்டாம் உலகப் போரில் நீர்மூழ்கிகளைத் தேடி நீருக்குள் காது வைத்த கடற்படையினருக்கு இந்த இறால்களின் இரைச்சல் பெரிய தொல்லையாக இருந்தது. களவாய் மீன் உறுமும், கிளிமீன் பவளத்தைக் கடிப்பது காதில் விழும். மட்டக்களப்பு வாவியில் நிலாக் காலத்து இரவுகளில் துடுப்பின் ஒரு நுனியை நீரில் வைத்து மறுநுனியைக் காதில் வைத்துக் கேட்பவர்களைப் பற்றி எல்லாரும் கேள்விப்பட்டிருப்போம். மீன் பாடும் தேன்நாடு என்ற பெயர் அதிலிருந்து வந்தது. பாடுவது மீனா, சிப்பியா என்ற சண்டை தீராவிட்டாலும், துடுப்பைக் காதில் வைத்தவர்தான் எங்களுக்கு முன்னோடி ஒலிப்பதிவாளர்.

நம் தொலைக்காட்சியில் கடலடிப் படம் வந்தால் கேட்பதென்ன? வயலின், மேளம், 'ஷ்ஷ்' என்று சுறா திரும்பும்போது ஒரு காற்றோசை, நண்டு நடந்தால் டக் டக். நண்டின் கால் சத்தம் பெரும்பாலும் ஒலிக்கூடத்தில் யாரோ ஒருவர் விரல்நகத்தால் தட்டியதாகவே இருக்கும். எங்கள் படங்களில் கேட்கும் எல்லாச் சத்தமும் அந்த இடத்தில் நீர்-ஒலிவாங்கியால் எடுத்ததாக இருக்க வேண்டும். இழுவை விசைப்படகின் எஞ்சின் இரைச்சல் அதில் வரும். வரட்டும், மீனும் அதைத்தான் கேட்டுக்கொண்டிருக்கிறது.

இசை கூடாது என்று எழுதினோம், பிறகு அடித்தோம், பிறகு மறுபடி எழுதினோம். லூக் பெசான் 1991இல் எடுத்த 'அட்லாண்டிஸ்' படத்தில் வர்ணனை ஏறக்குறைய கிடையாது. நல்லது. ஆனால் படம் நெடுகிலும் இசை ஓடுகிறது. திருக்கைகள் அதற்கேற்ப நடனமாடுவதாகத் தோன்றும்படி வெட்டியிருக்கிறார்கள். பேசும் எஜமானரை அனுப்பிவிட்டு வாசிக்கும் எஜமானரை வைத்துக்கொண்டது போலாயிற்று. ராபர்ட் கார்ட்னர் காசியில் எடுத்த 'ஃபாரஸ்ட் ஆஃப் பிளிஸ்' (1986) படத்தில் வர்ணனையும் இல்லை, உரையாடலுக்கு மொழிபெயர்ப்பும் இல்லை. துடுப்பு கிறீச்சிடும் சத்தம் போன்ற ஒலிகளே நம்மை வழிநடத்திக்கொண்டு போகின்றன. விக்தர் கொசகோவ்ஸ்கியின் 'குண்டா' (2020) ஒரு பன்றியையும் குட்டிகளையும் எந்த விளக்கமும் இசையும் இல்லாமல் பார்த்துக்கொண்டே இருக்கிறது. பார்க்கிறவர்கள் எழுந்து போய்விடவில்லை. நிலத்தில் முடிந்தது நீரிலும் முடியும். ஆகவே, இசை கூடாது.

வர்ணனையை முழுக்க விலக்கவில்லை. பாரில் நடப்பது பலருக்குப் புரியாது, புரியவைப்பதில் இழிவில்லை. ஆனால் வர்ணனையில் மீனுக்குக் கோபம் வரக் கூடாது. காதல், துரோகம், தாய்ப்பாசம் எதுவும் வரக் கூடாது. செல்லப் பெயரும் வைக்க மாட்டோம். ஒரு திமிங்கலச் சுறாவை அதன் புள்ளிகளின் அமைப்பால், கொம்புத்திருக்கையை வயிற்று மறுக்களால், ஆமையை முகச் செதில்களால் தனித்தனியே அடையாளம் காண முடியும். அந்த அடையாளத்தோடு ஓர் உயிரை ஆண்டுக்கணக்கில் பின்தொடர்ந்து எழுதி வைக்கலாம். அதற்கு 'ராமு' என்று பெயர் வைத்தால்தான் மக்கள் பார்ப்பார்கள் என்பது மக்களைக் குறைத்து மதிப்பது.

ஃபிரேமைச் சுத்தம் செய்ய மாட்டோம். இது எங்கள் விதிகளில் கடினமானது என்று இதுவரை படமெடுத்துப் பழகியவர்கள் சொல்கிறார்கள். பாரில் சிக்கிய நைலான் வலைத்துண்டு, பிளாஸ்டிக் பை, மதுப்புட்டி எல்லாவற்றையும் ஒதுக்கிவிட்டுக் கோணம் வைப்பது அனிச்சையாகவே வந்துவிட்டது. அதனால்தான் படங்களில் சொர்க்கமும், அறிக்கைகளில் சாவும் இருக்கிறது. இரண்டும் ஒரே இடம் என்று யாருக்கும் உறைப்பதில்லை. வடகடலின் அடியில் இழுவைமடி உழுத தடங்கள் கிடக்கின்றன. அந்த மடியை இலங்கை 2017இல் சட்டம் போட்டுத் தடுத்தது. நம் கரையில் அது ஆயிரக்கணக்கான குடும்பங்களின் சோறு. இரு கரைத் தமிழ் மீனவரும் மல்லுக்கு நிற்கும் இந்த விஷயத்தில் நாங்கள் தீர்ப்புச் சொல்லும் கூட்டம் இல்லை. உழுத தடம் ஃபிரேமில் வந்தால் வெட்ட மாட்டோம், அவ்வளவுதான்.

பவளம் வெளுப்பதும் அப்படியே. 2010இலும் 2016இலும் மன்னார் வளைகுடாவில் பவளங்கள் பெருமளவில் வெளுத்தன. வெளுத்த பவளம் அழகாக இருக்கும் என்பது ஒரு சங்கடம். அட்டைப்படத்துக்கு ஏற்ற வெண்மை. 'சேசிங் கோரல்' (2017) குழுவினர் தானியங்கிக் கேமராக்கள் சொதப்பியதால், பெருந்தடுப்புப் பவளத்திட்டில் நாள்தோறும் நீரில் இறங்கி ஒரே பவளங்களை ஒரே கோணத்தில் கையால் எடுத்தார்கள். வெண்மை வந்து, பிறகு பாசி மூடி, பழுப்பாகி உதிர்வது வரை. ஒற்றை அழகுப் படத்தைவிட அந்த அலுப்பூட்டும் வரிசைதான் உண்மையைச் சொன்னது. காலத்தைச் சுருக்கிக் காட்டுவது பொய்யாகாதா என்றால், எவ்வளவு சுருக்கினோம் என்பதைத் திரையின் ஓரத்தில் எழுதிவிட்டால் ஆகாது. கண்ணாடித் தொட்டியில் எடுத்தாலும் அதே நியாயம். 1930களில் ழான் பென்லவே கடல்குதிரைத் தகப்பன் குட்டி ஈனுவதைத் தொட்டியில் வைத்துத்தான் எடுத்தார். அது தொட்டி என்று தெரிந்தும் மக்கள் வியந்தார்கள்.

தலையிடலாமா என்ற கேள்வியில் இரவு முழுக்கச் சண்டை போட்டோம். 2018இல் பிபிசியின் 'டைனஸ்டீஸ்' குழு, பனிப்பள்ளத்தில் சிக்கிய பெங்குவின்கள் ஏறிவர வழி வெட்டிக்கொடுத்தது. உலகம் பாதி கைதட்டியது, பாதி முகம் சுளித்தது. எங்கள் முடிவு இது. சுறா ஆமையைத் தின்றால் கேமரா ஓடட்டும். கைவிட்ட வலையில் ஆமை சிக்கியிருந்தால் கேமராவைக் கீழே போட்டுவிட்டு வலையை அறு. மனிதர் போட்டதை மனிதர் எடுக்கலாம். அறுத்ததைப் படமெடுத்து நம் பெருமையாக வெளியிடக் கூடாது என்றும் ஒருவர் சேர்க்கச் சொன்னார், சேர்த்திருக்கிறோம்.

இரவில் வெள்ளை விளக்கு வேண்டாம். விளக்குக்கு மிதவை உயிர்கள் கூடும், அவற்றுக்கு மீன்கள் கூடும். ஒளியும் ஒருவகைத் தீனிதான். ஹவாயில் கொம்புத்திருக்கைகளை இரவு தோறும் இந்த உத்தியால்தான் வரவழைத்து வேடிக்கை காட்டுகிறார்கள். கடலட்டை, கடல்குதிரை எடுத்த இடத்தைப் படத்திலோ கோப்பிலோ விட்டுவைக்கக் கூடாது. 2001இல் இவை இந்தியச் சட்டத்தில் புலிக்கு நிகரான பட்டியலில் சேர்க்கப்பட்டன, ஆனாலும் கடத்தல் நின்றபாடில்லை. நம் அழகான படம் கடத்துகிறவனுக்கு வரைபடம் ஆகிவிடும். பூங்கா எல்லைக்குள் வனத்துறை அனுமதி இல்லாமல் இறங்கும் எவரும் எங்கள் ஆளில்லை.

இயக்கத்துக்கு இன்னும் பெயர் வைக்கவில்லை. பெயர் வைத்தால் முத்திரை வரும், பிறகு தலைவர் வருவார், பிறகு பிளவு வரும்.

வேலை தை மாதம் தொடங்குகிறது, வடகிழக்குப் பருவம் ஓய்ந்து கடல் தெளியும்போது. வடகடலில் ஒரு கடல்புல் வெளி, தென்கடலில் ஒரு பார். இரண்டிலும் ஒரு மீட்டர் சதுரம். இடம் மாற்றாமல், கோணம் மாற்றாமல், காற்று அனுமதிக்கும் நாளெல்லாம் ஒரு வருடத்துக்கு. பங்குனிப் பௌர்ணமியை ஒட்டிப் பவளங்கள் முட்டை சொரியும் இரவுகளில் செவ்வொளியோடு கூடுதலாக ஆள் இருப்பார்கள். எடுத்ததை முதலில் அந்தந்தக் கரையில், ஏலக்கூடத்துச் சுவரில், கடலுக்குப் போகாத வெள்ளிக்கிழமை இரவுகளில் காட்டுவோம். தவறான பெயர் சொல்லியிருந்தால் அங்கேயே திருத்துவார்கள். விழாக்களுக்கு அனுப்புவது அதற்குப் பிறகு.

சேர விரும்புகிறவர்களுக்குக் கட்டணம் இல்லை. சொந்தமாக முகக்கண்ணாடி கொண்டுவர வேண்டும். இதுவரை சுறாவுக்குத் தீனி போட்டுப் படமெடுத்துப் பிழைத்தவர்களும் வரலாம், வாளியைக் கரையில் வைத்துவிட்டு. இந்தப் பிரகடனத்தின் எந்த விதியையும் மாற்றலாம்; அதற்கான கூட்டம் கரையில்தான் நடக்கும், அன்று காலையில் கடலில் இறங்கி வந்தவர்களுக்கு மட்டுமே வாக்கு.